பின்லாந்துமயமாதல்

பின்லாந்துமயமாதல் என்பது, ஒரு வல்லரசின் அருகில் அமைந்த சிறிய நாடு தன் விடுதலையையும் உள்நாட்டு ஆட்சிமுறையையும் காத்துக்கொள்ளும் பொருட்டு, வெளியுறவில் அவ்வல்லரசின் விருப்பு வெறுப்புகளுக்கு இடம் கொடுத்து நடந்துகொள்வதைக் குறிக்கும் அரசியல் சொல்லாகும். பனிப்போர்க் காலத்தில் பின்லாந்துக்கும் சோவியத் ஒன்றியத்துக்கும் இடையில் நிலவிய உறவிலிருந்து இச்சொல் பிறந்தது. பின்லாந்து மொழியில் இது 'சுவோமெத்துமினென்' எனப்படுகிறது.

இரண்டாம் உலகப் போரில் சோவியத் ஒன்றியத்தோடு இருமுறை போரிட்டுத் தோற்ற பின்லாந்து, போருக்குப் பின்னர் சோவியத் ஆதிக்கத்துக்கு உட்பட்ட கிழக்கு ஐரோப்பிய நாடுகளைப் போல் ஆகவில்லை. பல கட்சித் தேர்தல், நாடாளுமன்றம், தனியார் தொழில், சட்டத்தின் ஆட்சி ஆகியவை அங்குத் தொடர்ந்தன. ஆனால் அதற்கு ஒரு விலை இருந்தது. அந்த விலை எவ்வளவு, அது தேவையானதா, தேவைக்கு மேல் கொடுக்கப்பட்டதா என்ற விவாதம் பின்லாந்தில் இன்றும் ஓயவில்லை.

சொல்லின் தோற்றம்

இச்சொல்லைப் பின்லாந்து மக்கள் உருவாக்கவில்லை. 1960களில் மேற்கு செருமனியின் அரசியல் விவாதங்களில் இது பரவலானது. மேற்கு செருமனியின் வில்லி பிராண்ட், கிழக்கு ஐரோப்பிய நாடுகளோடும் சோவியத் ஒன்றியத்தோடும் உறவைச் சீர்செய்யும் கொள்கையை முன்வைத்தார். அதை எதிர்த்த பிரான்சு யோசெப் இசுட்ராவுசு முதலிய பழமைவாதத் தலைவர்கள், இக்கொள்கை மேற்கு செருமனியையும் பின்லாந்தைப் போல் ஆக்கிவிடும் என்று எச்சரித்தனர். இவ்வாறு இச்சொல் தொடக்கத்திலேயே இழிவுப் பொருளில் வழங்கியது.

பின்லாந்து மக்களுக்கு இச்சொல் மனவருத்தத்தை அளித்தது. தங்கள் நாட்டின் நிலவியலையும் போர்ப் பட்டறிவையும் அறியாதவர்கள் தூரத்திலிருந்து சொல்லும் குறையாகவே பலர் இதைக் கருதினர்.

வரலாற்றுப் பின்னணி

பின்லாந்து பல நூற்றாண்டுகள் சுவீடனின் ஒரு பகுதியாக இருந்தது. 1809 இல் அது உருசியப் பேரரசின் கீழ் தன்னாட்சி பெற்ற பெருங்கோமகவு ஆனது. உருசியப் புரட்சியைத் தொடர்ந்து 1917 திசம்பர் 6 அன்று விடுதலையை அறிவித்தது. மறு ஆண்டே செஞ்சேனைக்கும் வெண்சேனைக்கும் இடையே குருதி சிந்திய உள்நாட்டுப் போர் நடந்தது. அதில் வெண்சேனை வென்றது.

உருசியாவோடு பின்லாந்துக்கு உள்ள எல்லை ஏறக்குறைய 1,340 கிலோமீட்டர் நீளமானது. 1939 இல் பின்லாந்தின் மக்கள்தொகை 40 இலட்சத்துக்கும் குறைவு. அன்றைய எல்லையிலிருந்து சோவியத் ஒன்றியத்தின் இரண்டாவது பெரிய நகரான லெனின்கிராட் சுமார் 32 கிலோமீட்டர் தொலைவில்தான் இருந்தது. பின்லாந்து எதைச் செய்தாலும் அதை லெனின்கிராட்டின் பாதுகாப்பை வைத்தே மாசுகோ எடைபோட்டது. பின்லாந்தின் பிற்கால வெளியுறவுக் கொள்கை முழுவதற்கும் இந்தப் புவியியல் உண்மையே அடிப்படையாகும்.

போர்க்காலம் (1939–1945)

1939 ஆகத்து 23 அன்று செருமனியும் சோவியத் ஒன்றியமும் செய்துகொண்ட ஒப்பந்தத்தின் மறைவான பிரிவு, பின்லாந்தைச் சோவியத் செல்வாக்கு மண்டலத்தில் சேர்த்தது. அதே ஆண்டு இலையுதிர் காலத்தில் எசுத்தோனியா, லாத்வியா, லித்துவேனியா ஆகிய மூன்று பால்டிக் நாடுகளும் தம் மண்ணில் சோவியத் படைத்தளங்கள் அமைய ஒப்புக்கொண்டன. 1940 இல் அவை மூன்றும் சோவியத் ஒன்றியத்துடன் இணைக்கப்பட்டன.

பின்லாந்திடமும் இத்தகைய கோரிக்கைகள் வைக்கப்பட்டன. லெனின்கிராட்டிலிருந்து எல்லையைப் பின்னுக்குத் தள்ள வேண்டும், ஆங்கோ துறைமுகப் பகுதியை 30 ஆண்டுக் குத்தகைக்குத் தர வேண்டும், சில தீவுகளை விட்டுக்கொடுக்க வேண்டும் என்று மாசுகோ கேட்டது. மாற்றாகக் கிழக்குக் கரேலியாவில் நிலம் தருவதாகவும் கூறியது. பேச்சுக்குச் சென்ற குழுவின் தலைவர் யூகோ குசுத்தி பாசிகிவி. விட்டுக்கொடுப்பதே அறிவுடைமை என்பது அவருடைய கருத்து. பின்லாந்து அரசு அதை ஏற்கவில்லை.

1939 நவம்பர் 30 அன்று சோவியத் படைகள் பின்லாந்தைத் தாக்கின. குளிர்காலப் போர் எனப்படும் இப்போர் 105 நாட்கள் நீடித்தது. நாடுகளின் சங்கம் சோவியத் ஒன்றியத்தை நீக்கியது. உலகெங்கும் பின்லாந்து மீது பரிவு எழுந்தது. ஆனால் எந்த நாடும் படையனுப்பிக் காக்கவில்லை. 25,000 பேருக்கு மேல் பலிகொடுத்த பின்லாந்து, 1940 மார்ச்சு மாதம் தன் நிலப்பரப்பில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கை இழந்து அமைதி உடன்பாட்டில் கையெழுத்திட்டது. கரேலியாவிலிருந்து 4 இலட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள் வீடு வாசலை விட்டு வெளியேறினர்.

இழந்த நிலத்தை மீட்கும் நோக்குடன் 1941 சூன் முதல் பின்லாந்து செருமனியோடு சேர்ந்து சோவியத் ஒன்றியத்துக்கு எதிராகப் போரிட்டது. இது தொடர்ச்சிப் போர் எனப்படுகிறது. செருமனியின் தோல்வி உறுதியான நிலையில், 1944 செப்டம்பர் 19 அன்று பின்லாந்து போர் நிறுத்த உடன்பாடு செய்துகொண்டது. உடன்பாட்டின்படி, முன்பு தோழமையாக இருந்த செருமானியப் படைகளை லாப்லாந்துப் பகுதியிலிருந்து போரிட்டு வெளியேற்ற வேண்டியதாயிற்று.

இப்போர்களிலிருந்து பின்லாந்து இரண்டு பாடங்களைக் கற்றது. ஒன்று, ஆபத்து வரும்போது தொலைவிலுள்ள நண்பர்கள் உதவிக்கு வருவார்கள் என்று நம்ப இயலாது. மற்றொன்று, கடும் எதிர்ப்பைக் காட்டும் நாட்டை விழுங்குவது வல்லரசுக்கும் எளிதன்று. தலைநகர் எல்சிங்கி போர் முழுவதிலும் அயல்படைகளின் கைக்குச் செல்லவில்லை. பின்னாளில் மாசுகோவுடன் நடந்த பேச்சுகளில் பின்லாந்துக்குக் கிடைத்த மதிப்புக்கு இது ஒரு முதன்மைக் காரணமாகும்.

பாரிசு அமைதி உடன்படிக்கை

1947 பெப்ரவரியில் கையெழுத்தான பாரிசு அமைதி உடன்படிக்கை பின்லாந்து மீது கடுமையான நிபந்தனைகளை விதித்தது.

- கரேலியாவும் வடக்கிலுள்ள பெத்சாமோ பகுதியும் சோவியத் ஒன்றியத்துக்குச் சென்றன.
- எல்சிங்கிக்கு அருகிலுள்ள போர்க்கலா பகுதி கடற்படைத் தளத்துக்காக 50 ஆண்டுக் குத்தகைக்கு விடப்பட்டது.
- தரைப்படை 34,400 பேர், கடற்படை 4,500 பேர், வான்படை 3,000 பேர் என்று வரம்பு கட்டப்பட்டது. போர் வானூர்திகள் 60 க்கு மேல் கூடாது.
- 30 கோடி தாலர் மதிப்புள்ள பொருள்களைப் போர் இழப்பீடாகத் தர வேண்டும்.

இழப்பீட்டுத் தொகையின் ஒரு பகுதி பின்னர் குறைக்கப்பட்டது. எஞ்சியதைக் கப்பல்களாகவும் எந்திரங்களாகவும் மரப்பொருள்களாகவும் 1952 செப்டம்பருக்குள் பின்லாந்து கொடுத்து முடித்தது. இந்தச் சுமையைச் சுமப்பதற்காகவே விரிவாக்கப்பட்ட கப்பல் கட்டும் தொழிலும் உலோகத் தொழிலும் பின்னர் நாட்டின் ஏற்றுமதிக்குத் தூண்களாயின.

1948 ஆம் ஆண்டு உடன்படிக்கை

1948 பெப்ரவரியில் இசுடாலின், பின்லாந்துக் குடியரசுத் தலைவரான பாசிகிவிக்கு ஒரு கடிதம் எழுதினார். அங்கேரி, உருமேனியா ஆகியவற்றோடு செய்ததைப் போன்ற உடன்படிக்கையைப் பின்லாந்தோடும் செய்துகொள்ள விரும்புவதாக அதில் கூறப்பட்டிருந்தது. அதே மாதத்தில்தான் செக்கோசிலோவாக்கியாவில் பொதுவுடைமைக் கட்சி ஆட்சியைக் கைப்பற்றியது. அடுத்தது பின்லாந்துதான் என்று பலரும் எண்ணினர்.

பாசிகிவி மறுக்கவும் இல்லை, விரைந்து இணங்கவும் இல்லை. கட்சிகளின் கருத்தைக் கேட்க வேண்டும் என்று கூறிக் காலத்தை நீட்டினார். பின்னர் தூதுக்குழுவிடம் பின்லாந்தின் சொந்த வரைவைக் கொடுத்து அனுப்பினார். பேச்சின் முடிவில் பெரும்பாலும் அந்த வரைவே ஏற்கப்பட்டது. 1948 ஏப்ரல் 6 அன்று நட்புறவு, ஒத்துழைப்பு, பரசுபர உதவி உடன்படிக்கை மாசுகோவில் கையெழுத்தானது.

அங்கேரி, உருமேனியா உடன்படிக்கைகளோடு ஒப்பிட்டால் இதன் சிறப்பு விளங்கும். அவை போரில் தாமாகவே ஒருவருக்கொருவர் உதவ வேண்டிய கூட்டணிகள். பின்லாந்தின் கடமையோ எல்லைக்குட்பட்டது. செருமனியோ அதன் கூட்டாளியோ பின்லாந்தையோ, பின்லாந்து வழியாகச் சோவியத் ஒன்றியத்தையோ தாக்கினால், பின்லாந்து தன் மண்ணில் நின்று போரிடும். தேவைப்பட்டால், இரு தரப்பும் ஒப்புக்கொள்ளும் வகையில் சோவியத் உதவி கிடைக்கும். தாக்குதல் அச்சுறுத்தல் எழுந்தால் இரு நாடுகளும் கலந்தாலோசிக்கும். இவற்றோடு, வல்லரசுகளின் பூசல்களுக்கு வெளியே நிற்கும் பின்லாந்தின் விருப்பம் முன்னுரையில் குறிப்பிடப்பட்டது. பிற்காலத்தில் பின்லாந்து தன்னை நடுநிலை நாடு என்று கூறிக்கொள்ள இந்த ஒரு வரியே சட்ட ஆதாரமாக அமைந்தது.

அதே ஆண்டு சூலையில் நடந்த தேர்தலில் பொதுவுடைமையாளர் தலைமையிலான அணி தோல்வியுற்று ஆட்சியிலிருந்து வெளியேறியது. சோவியத் படைகள் தலையிடவில்லை.

பாசிகிவி–கெக்கோனென் கொள்கை

பாசிகிவி 1946 முதல் 1956 வரையும், உர்கோ கெக்கோனென் 1956 முதல் 1982 வரையும் குடியரசுத் தலைவர்களாக இருந்தனர். இவர்கள் பின்பற்றிய வெளியுறவு வழி இருவர் பெயராலும் அழைக்கப்படுகிறது. அதன் அடிப்படை எளியது. பின்லாந்தின் மீது சோவியத் ஒன்றியத்துக்கு உள்ள அக்கறை கொள்கை சார்ந்ததன்று, படைப் பாதுகாப்பு சார்ந்தது. தன் மண் சோவியத்துக்கு எதிரான தளமாக ஒருபோதும் ஆகாது என்ற நம்பிக்கையைப் பின்லாந்து கொடுத்துவிட்டால், உள்நாட்டில் தன் விருப்பப்படி வாழ இடம் கிடைக்கும்.

இதன்படி 1947 இல் அமெரிக்காவின் மார்சல் திட்ட உதவியைப் பின்லாந்து ஏற்கவில்லை. அங்கேரிப் புரட்சி ஒடுக்கப்பட்டது குறித்து 1956 இலும், ஆப்கானித்தான் படையெடுப்பு குறித்து 1980 இலும் ஐக்கிய நாடுகள் அவையில் நடந்த வாக்கெடுப்புகளில் அது நடுநிலை வகித்தது.

பயனும் கிடைத்தது. போர்க்கலா தளம் குத்தகைக் காலம் முடிய நெடுங்காலம் இருக்கும்போதே, 1956 சனவரியில் திருப்பித் தரப்பட்டது. 1955 இல் பின்லாந்து ஐக்கிய நாடுகள் அவையிலும் நோர்டிக் மன்றத்திலும் சேர்ந்தது.

நெருக்கடிகள்

இரவுப் பனி நெருக்கடி (1958): 1958 தேர்தலில் பொதுவுடைமையாளர் அணி 200 இடங்களில் 50 இடங்களைப் பெற்று முதலிடத்தில் இருந்தும், அதை விலக்கி விட்டுக் கார்ல்-ஆகுசுட் பாகர்கோல்ம் தலைமையில் அரசு அமைந்தது. அதில் இடம்பெற்ற சில சமூக மக்களாட்சிக் கட்சியினரை மாசுகோ விரும்பவில்லை. சோவியத் தூதர் நாட்டை விட்டுச் சென்றார். வேறு ஒருவர் அமர்த்தப்படவில்லை. வணிகப் பேச்சுகள் நின்றன. திசம்பரில் அரசு பதவி விலகியது. இதன் பின்னர், அரசு அமைக்கும்போது மாசுகோ என்ன நினைக்கும் என்று பார்ப்பது வழக்கமாகிவிட்டது.

குறிப்பு நெருக்கடி (1961): 1961 அக்டோபர் 30 அன்று, மேற்கு செருமனியின் அச்சுறுத்தலைக் காரணம் காட்டி, 1948 உடன்படிக்கையின்படி படைத்துறைக் கலந்தாலோசனைக்கு வருமாறு சோவியத் ஒன்றியம் பின்லாந்துக்குத் தூதுக் குறிப்பு அனுப்பியது. கெக்கோனென் அப்போது அமெரிக்கப் பயணத்தில் இருந்தார். அவர் பின்னர் நோவோசிபிர்சுக் நகரில் நிக்கிட்டா குருசேவை நேரில் சந்தித்து, கலந்தாலோசனையைத் தள்ளிவைக்கச் செய்தார். அடுத்த ஆண்டு நடக்கவிருந்த தலைவர் தேர்தலில் அவரை எதிர்த்து நின்ற ஓலாவி ஓங்கா போட்டியிலிருந்து விலகினார். இந்நெருக்கடி கெக்கோனெனுக்கு அரசியல் இலாபமாக முடிந்ததால், அதில் அவருடைய பங்கு என்ன என்பது குறித்து வரலாற்றாசிரியர்களிடையே கருத்து வேறுபாடு உள்ளது.

உள்நாட்டு விளைவுகள்

பின்லாந்துமயமாதல் பற்றிய கடுமையான குறைகூறல்கள் வெளியுறவைவிட உள்நாட்டு வாழ்வைப் பற்றியே எழுகின்றன. சோவியத் ஒன்றியத்தைக் குறைகூறுவதைச் செய்தித்தாள்களும் வானொலியும் பதிப்பகங்களும் தாமாகவே தவிர்த்தன. இது தற்தணிக்கை எனப்படுகிறது. எழுதக் கூடாது என்று சட்டம் சொல்லவில்லை. எழுதினால் நாட்டுக்குத் தீங்கு என்ற எண்ணம் எழுதுபவர் கையைத் தடுத்தது.

அலெக்சாண்டர் சோல்செனித்சினின் கூலாக் தீவுக்கூட்டம் என்ற நூலின் பின்லாந்து மொழிபெயர்ப்பு 1974 இல் சுவீடனில் வெளியிடப்பட்டது. அவருடைய மற்றொரு கதையைத் தழுவிய திரைப்படம் பின்லாந்தில் தடைசெய்யப்பட்டது. எல்லையைக் கடந்து தப்பி வந்த சோவியத் குடிமக்கள் பெரும்பாலும் திருப்பி அனுப்பப்பட்டனர்.

மக்களாட்சி நடைமுறையும் நெகிழ்ந்தது. 1973 இல் தேர்தல் இல்லாமலேயே கெக்கோனெனின் பதவிக் காலத்தை நான்கு ஆண்டுகள் நீட்டிக்க நாடாளுமன்றம் தனிச்சட்டம் இயற்றியது. ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்தோடு வணிக உடன்பாடு செய்யும் வேளையில் மாசுகோவின் நம்பிக்கையைத் தக்கவைக்க அவர் தேவை என்பது கூறப்பட்ட காரணம். அரசியல்வாதிகள் தம் போட்டியாளர்களை வீழ்த்த, அவர்கள் மாசுகோவின் நம்பிக்கையைப் பெறாதவர்கள் என்று கூறும் வழக்கமும் பெருகியது.

பொருளாதாரம்

சோவியத் வணிகம் பண்டமாற்றைப் போன்ற இருதரப்புக் கணக்கு முறையில் நடந்தது. பின்லாந்து எண்ணெயை வாங்கி, கப்பல்களையும் எந்திரங்களையும் துணிகளையும் காலணிகளையும் விற்றது. 1980களின் தொடக்கத்தில் பின்லாந்தின் ஏற்றுமதியில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு சோவியத் ஒன்றியத்துக்குச் சென்றது.

அதேவேளை, மேற்குச் சந்தையையும் பின்லாந்து விடவில்லை. 1961 இல் ஐரோப்பியத் தடையற்ற வணிகச் சங்கத்தின் இணை உறுப்பினரானது. 1973 இல் ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்துடன் உடன்பாடு செய்த அதே ஆண்டில், சோவியத் அணியின் பொருளாதார மன்றத்துடனும் ஓர் ஒத்துழைப்பு உடன்பாடு செய்தது. ஒரு பக்கம் எடுத்த அடிக்கு மறுபக்கம் ஈடு செய்யும் இம்முறைக்கு உலோவிசா அணுமின் நிலையம் நல்ல எடுத்துக்காட்டு. அங்கு அணு உலைகள் சோவியத்தில் செய்யப்பட்டவை. பாதுகாப்பு அமைப்புகளும் கட்டுப்பாட்டுக் கருவிகளும் மேற்கத்தியவை.

பாதுகாப்பு ஏற்பாடுகள்

பணிந்துபோன நாடு என்ற தோற்றத்துக்குப் பின்னால், பின்லாந்து தன் தற்காப்பை ஒருபோதும் கைவிடவில்லை. ஆண்கள் அனைவருக்கும் கட்டாயப் படைப்பயிற்சி தொடர்ந்தது. பயிற்சி முடித்தவர்கள் ஆயத்தப் படையில் வைக்கப்பட்டனர். அமைதிக் காலப் படைக்கு வரம்பு இருந்தாலும், போர்க்காலத்தில் இலட்சக்கணக்கானோரைத் திரட்ட இயலும். போர் வானூர்திகள் சோவியத்திலிருந்தும் சுவீடனிலிருந்தும் சமநிலையோடு வாங்கப்பட்டன.

குடிமக்களுக்கான பதுங்கிடங்களைப் பெரிய கட்டடங்களுக்குக் கீழே அமைப்பது சட்டப்படி கட்டாயம். இன்று நாட்டில் சுமார் 50,500 பதுங்கிடங்கள் உள்ளன. அவற்றில் 48 இலட்சம் பேர் தங்கலாம். நாட்டின் மொத்த மக்கள்தொகை சுமார் 56 இலட்சம் என்பதைக் கொண்டு இதன் அளவை உணரலாம். உணவு, எரிபொருள், மருந்து ஆகியவற்றின் சேமிப்பும் பாதுகாப்புத் திட்டத்தின் பகுதியாகும்.

எல்சிங்கி மாநாடு

இரு அணிகளுக்கும் இடையில் நிற்பதைப் பின்லாந்து ஒரு வாய்ப்பாகவும் பயன்படுத்தியது. 1969 மே மாதம் ஐரோப்பியப் பாதுகாப்பு மாநாட்டைத் தன் மண்ணில் நடத்த முன்வந்தது. அமெரிக்க–சோவியத் படைக்கலக் குறைப்புப் பேச்சுகளும் அதே ஆண்டு நவம்பரில் எல்சிங்கியில் தொடங்கின. 1975 ஆகத்து 1 அன்று 35 நாடுகளின் தலைவர்கள் எல்சிங்கி இறுதி உடன்பாட்டில் கையெழுத்திட்டனர். எல்லைகளை வலிமையால் மாற்றக் கூடாது என்பதோடு மனித உரிமைகளை மதிப்பதும் அதில் இடம்பெற்றது. கிழக்கு ஐரோப்பாவில் உரிமை கேட்டுப் போராடியவர்களுக்கு இவ்வுடன்பாடு பின்னர் ஆதாரமாயிற்று.

கொள்கையின் முடிவு

1989 அக்டோபரில் எல்சிங்கி வந்த மிக்கைல் கொர்பச்சோவ், பின்லாந்தை நடுநிலை நாடு என்று தயக்கமின்றி ஏற்றார். 1990 செப்டம்பரில் பாரிசு உடன்படிக்கையின் படை வரம்புகள் இனிப் பொருந்தா எனப் பின்லாந்து தானாக அறிவித்தது. சோவியத் ஒன்றியம் கலைந்தபின், 1992 சனவரியில் உருசியாவுடன் செய்த புதிய உடன்படிக்கை 1948 ஆம் ஆண்டின் உடன்படிக்கைக்கு மாற்றாக வந்தது. சோவியத் வணிகம் திடீரென மறைந்தது, 1990களின் தொடக்கத்தில் பின்லாந்தில் ஏற்பட்ட கடும் பொருளாதாரச் சரிவுக்கு ஒரு காரணமாகும்.

1994 பொதுவாக்கெடுப்பில் 56.9 விழுக்காட்டினர் ஆதரவளிக்க, 1995 சனவரி 1 அன்று பின்லாந்து ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்தது. நேட்டோவில் மட்டும் சேரவில்லை. தேவைப்பட்டால் சேரலாம் என்ற வாய்ப்பைத் திறந்து வைத்திருந்தது.

2022 பெப்ரவரி 24 அன்று உருசியா உக்ரைன் மீது முழு அளவில் படையெடுத்ததும் அந்த வாய்ப்பு பயன்படுத்தப்பட்டது. பின்லாந்து நாடாளுமன்றம் 188 க்கு 8 என்ற வாக்குகளால் நேட்டோ விண்ணப்பத்தை ஏற்றது. 2023 ஏப்ரல் 4 அன்று பின்லாந்து 31 ஆவது உறுப்பு நாடானது. அதே ஆண்டின் இறுதியில் உருசிய எல்லையிலுள்ள சாலைக் கடவைகளும் மூடப்பட்டன.

மதிப்பீடு

இக்கொள்கையை ஆதரிப்போர் அதன் விளைவைச் சுட்டிக்காட்டுகின்றனர். பால்டிக் நாடுகள் அரை நூற்றாண்டு விடுதலையை இழந்தன. அங்கேரியிலும் செக்கோசிலோவாக்கியாவிலும் பீரங்கி வண்டிகள் தெருவில் இறங்கின. பின்லாந்திலோ அவ்வாறு நடக்கவில்லை. மக்கள் வாக்களித்தனர், வளம் பெருகியது, வெளியுலகுக்குக் கதவு திறந்திருந்தது.

எதிர்ப்போர் மூன்று குறைகளைக் கூறுகின்றனர். அயலவரைத் திருப்திப்படுத்தும் பழக்கம் தேவையான எல்லையைத் தாண்டித் தலைவர்களின் சொந்த நலனுக்கும் பயன்பட்டது. உண்மையைப் பேசாத பழக்கம் ஒரு தலைமுறையின் அரசியல் வாழ்வைக் குறுக்கியது. அடைக்கலம் தேடி வந்தவர்களைத் திருப்பி அனுப்பியதன் விலையைப் பின்லாந்தினர் கொடுக்கவில்லை. திருப்பி அனுப்பப்பட்டவர்களே கொடுத்தனர்.

2014 இல் கிரிமியாவை உருசியா இணைத்துக்கொண்டபோது, என்றி கிசிஞ்சர் முதலியோர் உக்ரைனுக்குப் பின்லாந்தின் வழியைப் பரிந்துரைத்தனர். ஆனால் அவ்வழி வேலை செய்ததற்குச் சில தனிச் சூழல்கள் காரணமாக இருந்தன. பின்லாந்து முதலில் போரிட்டுத் தன் எதிர்ப்பு வலிமையைக் காட்டியிருந்தது. உள்நாட்டு மக்களாட்சி உறுதியாக நின்றது. அண்டையிலிருந்த சுவீடன் நடுநிலை வகித்தது. எல்லாவற்றுக்கும் மேலாக, பின்லாந்தைத் தனி நாடாக விட்டுவைப்பதே தனக்கு ஆதாயம் என்று மாசுகோ கருதியது. இக்கடைசிச் சூழல் சிறிய நாட்டின் கையில் இல்லை. பெரிய நாடு அந்தக் கருத்தை மாற்றிக்கொண்டால், எவ்வளவு கவனமாக நடந்துகொள்ளும் சிறிய நாட்டுக்கும் காப்பு இல்லை. 2022 இல் பின்லாந்து மக்கள் தம் நிலைப்பாட்டை மாற்றிக்கொண்டதன் காரணமும் இதுவேயாகும்.